மூழ்கிய கப்பலைக் காகிதத்தில் தேடுகிறவர்கள்

தென்னாப்பிரிக்காவில், டர்பன் நகரத்துச் சாட்ஸ்வர்த்தில் என் மாமா வீட்டுப் பூசையறையில், குத்துவிளக்குக்கும் செம்புச் சொம்புக்கும் நடுவே ஒரு கப்பல் ஆணி கிடக்கிறது. ஒரு சாணுக்குச் சற்று அதிகமான நீளம், கட்டைவிரல் பருமன், ஒரு முனை லேசாக வளைந்திருக்கும். மத்தி மீன் ஓட்டம் வந்த ஒரு ஜூலை மாதத்தில், தெற்குக் கரையில் ஸ்காட்பர்க் பக்கம் கரைவலை இழுத்தபோது மீனோடு மீனாக ஏறி வந்தது என்பார் மாமா. நாற்பது வருஷமாக அதே கதை. வீட்டுக்கு வரும் விருந்தாளிக்கெல்லாம் ஆணியை எடுத்துக் காட்டி, "மதராஸிலிருந்து கிளம்பிய க்ரோஸ்வெனர் கப்பலின் செப்பாணி இது" என்று முடிப்பார். மாமிக்கு அந்தக் கதையில் அக்கறை கிடையாது. வெள்ளிக்கிழமை வந்தால் விளக்கோடு சேர்த்து அதையும் புளி போட்டுத் துலக்கி வைத்துவிடுவார்.

போன மாதம் அவர்களுடைய பேரன், பதினோராம் வகுப்பு படிப்பவன், மூழ்கிய கப்பல்களைப் பற்றிய ஆவணப்படம் ஒன்றைப் பார்த்துவிட்டு ஒரு கேள்வியோடு வந்தான். படத்தில் ஒருவர் கடலுக்குள் குதிக்கவில்லை, கப்பலை ஓட்டவில்லை. கையில் பழைய தாளை வைத்துக்கொண்டு பேசினார். மற்றவர்கள் எல்லோரும் அவர் சொன்ன இடத்தில் தேடினார்கள். அவருக்கு என்ன பெயர், அந்த வேலைக்கு என்ன படிக்க வேண்டும்? மாமா என்னைக் கைகாட்டிவிட்டார். ஓய்வுபெற்ற வரலாற்று ஆசிரியன் வீட்டில் சும்மா இருந்தால் இப்படித்தான். அவனுக்குச் சொன்னதையே இங்கே கொஞ்சம் விரித்து எழுதுகிறேன்.

அவர் கப்பல் வரலாற்றாளர். இந்தப் பொதுப்பெயருக்குள் இரண்டு வகையினர் இருக்கிறார்கள். போர்க்கப்பல், கடற்படை, கடற்போர், அதை நடத்திய அரசாங்கம் ஆகியவற்றை ஆராய்பவர் கடற்படை வரலாற்றாளர். வணிகக் கப்பல், துறைமுகம், மாலுமியின் கூலி, அடிமை வியாபாரம், ஒப்பந்தக் கூலிகளின் பயணம், மீன்பிடி என்று கடலோடு ஒட்டிய மனித வாழ்க்கை முழுவதையும் எடுத்துக்கொள்பவர் கடல்சார் வரலாற்றாளர். நடைமுறையில் ஒருவரே இரண்டு பக்கமும் போய் வருவார். இவர்களோடு சேர்த்துக் குழப்பிக்கொள்ளப்படுபவர்கள் இன்னும் இரண்டு பேர். ஒருவர் கடலடித் தொல்லியலாளர். அவர் தண்ணீருக்குள் இறங்கி, கட்டம் கட்டி, அளந்து, வரைந்து, பொருளைக் கிடந்த நிலையிலேயே பதிவு செய்பவர். இன்னொருவர் புதையல் தேடி. திரைகடல் ஓடியும் திரவியம் தேடு என்ற முதுமொழியை எழுத்துக்கு எழுத்து எடுத்துக்கொண்டவர். தொல்லியலாளருக்கும் புதையல்காரருக்கும் ஒரே கடல், ஒரே மூச்சுக்குழாய்தான். மேலே வந்தபிறகுதான் வேறுபாடு தெரியும். முன்னவர் குறிப்பேட்டோடு வருவார், பின்னவர் மூட்டையோடு வருவார்.

வரலாற்றாளருக்கு நீச்சல்கூடத் தெரிய வேண்டாம். அவர் மூழ்கும் இடம் ஆவணக் காப்பகம். லாக் புத்தகம் என்னும் கப்பலின் அன்றாடக் குறிப்பேடு, சரக்குப் பட்டியல், ஆள் பட்டியல், காப்பீட்டுக் கணக்கு, விபத்துக்குப் பிறகு நடந்த விசாரணையின் வாக்குமூலங்கள், அடுத்த துறைமுகத்தின் வானிலைக் குறிப்பு. கப்பல் மூழ்கினாலும் அதன் காகிதங்களில் பாதி கரையில்தான் இருக்கும். சரக்கு ஏற்றிய ஊரில் ஒரு பிரதி, முதலாளியிடம் ஒரு பிரதி, அரசாங்கத்திடம் ஒரு பிரதி. அவற்றைச் சேர்த்துப் படித்து, ஒன்று மற்றொன்றை எங்கே மறுக்கிறது என்று பார்ப்பதுதான் தொழில்.

எங்கள் டர்பன் துறைமுகத்திலிருந்தே ஓர் உதாரணம். 1909 ஜூலை 26ஆம் தேதி வாராட்டா என்ற நீராவிக் கப்பல் இங்கிருந்து கேப்டவுனுக்குக் கிளம்பியது. புதுக் கப்பல், அது அதன் இரண்டாவது பயணம். ஆஸ்திரேலியாவிலிருந்து லண்டனுக்குப் போகும் வழியில் டர்பனில் நிலக்கரி ஏற்றிக்கொண்டது. கப்பலில் 211 பேர். மறுநாள் காலையில் கிளான் மகின்டயர் என்ற கப்பல் அதைப் பார்த்தது, விளக்குச் சைகையில் இருவரும் நலம் விசாரித்துக்கொண்டார்கள். வாராட்டா வேகமாக முந்திப் போய்விட்டது. கேப்டவுனுக்கு அது வரவே இல்லை. கம்பியில்லாத் தந்திக் கருவி அதில் கிடையாது. அடுத்த நாள் அந்தக் கரையில் கடும் புயல். தேடுவதற்கென்றே கப்பல்கள் அனுப்பப்பட்டன. ஒரு பலகைகூட வாராட்டாவினுடையது என்று உறுதியாகக் கிடைக்கவில்லை.

லண்டனில் விசாரணை நடந்தது. கிளாட் சாயர் என்ற பயணி சாட்சி சொன்னார். லண்டன் வரை போகவேண்டிய அவர் டர்பனிலேயே இறங்கிக்கொண்டவர். கப்பல் ஒரு பக்கம் சாய்ந்தால் நிமிர நேரம் எடுக்கிறது என்று அவருக்குப் பட்டதாம். அதோடு, கையில் வாளுடன் ஒரு மனிதன் மூன்று முறை கனவில் வந்தானாம். இங்கே வரலாற்றாளர் எப்படி யோசிப்பார் என்று பாருங்கள். படம் எடுப்பவருக்கு வாள் பிடித்த மனிதன் கிடைத்துவிட்டான், வேறு என்ன வேண்டும்? வரலாற்றாளரோ கனவை ஓரமாக வைத்துவிட்டு, "நிமிர நேரம் எடுக்கிறது" என்ற மூன்று சொல்லைப் பிடித்துக்கொள்வார். முதல் பயணத்தில் வந்தவர்களும் அப்படிச் சொன்னார்களா? கப்பல் கட்டியவர்கள் கொடுத்த நிலைப்புக் கணக்கு என்ன சொல்கிறது? மேல்தளத்தில் எவ்வளவு நிலக்கரி அடுக்கியிருந்தார்கள்? விபத்துக்குப் பிறகு கேட்கும்போது எல்லோருக்கும் முன்னமே தெரிந்திருந்ததாகத் தோன்றும், அதற்கு எவ்வளவு தள்ளுபடி கொடுப்பது? விசாரணை மன்றம், அசாதாரணப் புயலில் கப்பல் மூழ்கியது என்ற அளவோடு நிறுத்திக்கொண்டது.

கதை அங்கே முடியவில்லை. நாவலாசிரியர் கிளைவ் கஸ்லர் நிறுவிய தேடல் அமைப்போடு சேர்ந்து எம்லின் பிரவுன் என்ற தென்னாப்பிரிக்கர் ஆண்டுக்கணக்காக வாராட்டாவைத் தேடினார். 1999இல் சோனார் கருவியில் ஒரு பெரிய கப்பலின் உருவம் தெரிந்தது. அளவும் வடிவமும் ஏறக்குறையப் பொருந்தின. வாராட்டா அகப்பட்டது என்று உலகம் முழுக்கச் செய்தி. 2001இல் கீழே இறங்கி நேரில் பார்த்தபோது சரக்கறையில் இராணுவ டாங்கிகளும் டயர்களும் இருந்தன. 1909இல் ஏது டாங்கி? அது இரண்டாம் உலகப்போரில் ஜெர்மானிய நீர்மூழ்கி தாக்கி மூழ்கடித்த நெயில்சீ மெடோ என்ற சரக்குக் கப்பல். பிரவுன் அதை ஒளிக்காமல் அறிவித்தார். எனக்கு அந்த மனிதர் மேல் மரியாதை கூடியது அப்போதுதான். வாராட்டா இன்றும் அகப்படவில்லை.

சோனார் பொய் சொல்லவில்லை என்பதைக் கவனிக்க வேண்டும். அது ஒலியை அனுப்பி, திரும்பி வரும் எதிரொலியை வைத்துக் கடலடியின் மேடுபள்ளத்தை வரைந்து காட்டும் கருவி. இவ்வளவு நீளம், இவ்வளவு அகலம், இங்கே கிடக்கிறது என்று சொல்லும். பெயர் சொல்லாது. பெயர் வைப்பது மனிதனின் வேலை, அவசரப்படுவதும் மனிதனின் வேலை.

அவசரப்படாமல் பெயர் வைத்த கதை கேப்டவுனில் இருக்கிறது. கிளிஃப்டன் கடற்கரைக்குச் சற்றுத் தள்ளிக் கிடந்த ஓர் உடைந்த கப்பலை 1980களில் புதையல் தேடிகள் கண்டுபிடித்து, இன்னும் பழைய டச்சுக் கப்பல் என்று சொல்லிவிட்டார்கள். இஸிக்கோ அருங்காட்சியகத்தின் தொல்லியலாளர் யாக்கோ போஷாஃபுக்கு அது சரியாகப் படவில்லை. காரணம், அங்கே கிடைத்த செப்பாணிகளும் செப்புத் தகடும்.

இந்த இடத்தில் செம்பைப் பற்றிக் கொஞ்சம் விளக்கமாகச் சொல்லியாக வேண்டும். வெப்பக் கடலில் மரக்கப்பலுக்கு எதிரி பாறையும் புயலும் மட்டுமல்ல. மரத்தைத் துளைத்துத் தின்னும் கப்பல் புழு என்று ஒன்று உண்டு. வெளியே ஊசித் துவாரம்தான் தெரியும், உள்ளே பலகை தேன்கூடு மாதிரி ஆகிவிடும். அதைத் தடுக்கக் கப்பலின் அடிப்பாகம் முழுக்கச் செப்புத் தகடு அடிக்கலாம் என்று 1761இல் அலார்ம் என்ற போர்க்கப்பலில் பிரிட்டிஷார் சோதித்தார்கள். புழு அண்டவில்லை, பாசியும் சிப்பியும் ஒட்டவில்லை, கப்பல் வேகமாகப் போயிற்று. ஒரே ஒரு சிக்கல். உப்புத் தண்ணீரில் செம்பும் இரும்பும் தொட்டுக்கொண்டிருந்தால் இரும்பு அரித்துப் போய்விடும். தகடு பத்திரமாக இருக்க, பலகைகளைப் பிடித்திருந்த இரும்பாணிகள் உள்ளேயே கரைந்தன. அதனால் ஆணியையும் செம்பில் போடத் தொடங்கினார்கள். 1780களுக்குப் பிறகு இது பரவியது. செம்பு விலை அதிகம். 1832இல் ஜார்ஜ் முண்ட்ஸ் என்பவர் நூற்றுக்கு அறுபது பங்கு செம்பும் நாற்பது பங்கு துத்தநாகமும் கலந்த மலிவான உலோகத்துக்குக் காப்புரிமை பெற்றார். அதன்பின் வணிகக் கப்பல்கள் பெரும்பாலும் அந்தப் பக்கம் சாய்ந்தன. ஆக, அடிப்பலகையில் இரும்பா, செம்பா, முண்ட்ஸ் உலோகமா என்று பார்த்தாலே ஒரு கப்பலின் வயதை ஏறக்குறையச் சொல்லிவிடலாம்.

கிளிஃப்டன் கப்பலில் செம்பு இருந்ததால் அது புதையல்காரர்கள் சொன்ன அளவுக்குப் பழையதாக இருக்க முடியாது. அப்படியானால் எது? போஷாஃப் கேப்டவுன் ஆவணக் காப்பகத்தில் தேடி ஒரு வாக்குமூலத்தைக் கண்டெடுத்தார். சாவோ ஜோசே என்ற போர்த்துகீசிய அடிமைக் கப்பலின் தலைவன், 1794 டிசம்பர் 27இல் தன் கப்பல் எப்படிப் பாறையில் மோதியது என்று அதிகாரிகளிடம் சொன்ன வாக்குமூலம் அது. மொசாம்பிக்கிலிருந்து நானூறுக்கும் மேற்பட்ட மனிதர்களைச் சங்கிலியிட்டு பிரேசிலுக்கு ஏற்றிச் சென்ற கப்பல். ஏறத்தாழப் பாதிப் பேர் அந்தக் கரையில் செத்தார்கள். தப்பியவர்களைச் சில நாட்களிலேயே கேப்டவுனில் விற்றுவிட்டார்கள். போர்த்துகல் காப்பகத்தில் கிடைத்த சரக்குக் கணக்கில், கப்பல் லிஸ்பனிலிருந்து கிளம்பும்போது கப்பல் நிலையாக நிற்க 1,400 இரும்புக் கட்டிகள் பாரமாக ஏற்றப்பட்டதாக இருந்தது. சரக்கென்றால் ஒரே இடத்தில் கனமாக உட்காரும். மனிதர்கள் எடை குறைவு, அசைவார்கள், வழியில் சாவார்கள். அதனால் அடிமைக் கப்பல்களுக்கு இரும்புப் பாரம் வேண்டியிருந்தது. கடலடியில் தேடினார்கள், அந்த இரும்புக் கட்டிகள் கிடந்தன. கேப்டவுன் தாளும் லிஸ்பன் தாளும் கடலடி இரும்பும் ஒன்றையொன்று ஒத்துக்கொண்ட பிறகே, 2015இல், பெயரை வெளியே சொன்னார்கள்.

தங்கம் ஒரு பொட்டுக்கூட இல்லாத கப்பல். தென்னாப்பிரிக்கக் கடலில் கிடைத்தவற்றுள் இதைவிடப் பெரிய கண்டுபிடிப்பு எனக்குத் தெரியவில்லை.

எண்ட்யூரன்ஸ் கதை எல்லோருக்கும் தெரிந்திருக்கும், சுருக்கமாகவே சொல்கிறேன். துருவப் பயணி ஷாக்கில்டனின் அந்தக் கப்பல் 1915 நவம்பரில் தென்துருவப் பனிக்கடலில் நசுங்கி மூழ்கியது. கப்பல் தலைவர் ஃப்ராங்க் வொர்ஸ்லி சூரியனை அளந்து இடத்தைக் குறித்து வைத்திருந்தார். கேப்டவுனிலிருந்து எஸ்.ஏ. அகுல்ஹாஸ் 2 என்ற நம் நாட்டுக் கப்பல் போய், 2022 மார்ச் 5இல், 3,008 மீட்டர் ஆழத்தில் அதைக் கண்டது. வொர்ஸ்லி எழுதிய இடத்திலிருந்து ஏறத்தாழ நாலு கடல் மைல் தள்ளி. மேகமூட்டம், மிதக்கும் பனி, பிழை விடும் கடிகாரம் இவற்றுக்கு நடுவே குறித்த கணக்கு அது. அந்த நோட்டுப் புத்தகம் இல்லாவிட்டால் எவ்வளவு விலை உயர்ந்த ரோபோவும் இருட்டில் குருடன் கைத்தடிதான். அங்கே கப்பல் புழு கிடையாது என்பதால் பின்புறத்தில் பொறித்த பெயர்கூட அப்படியே இருந்தது. நம் வெப்பக் கடலில் அதே கப்பல் கிடந்திருந்தால் ஆணிதான் மிஞ்சியிருக்கும்.

இனி மாமாவின் க்ரோஸ்வெனர். கிழக்கிந்தியக் கம்பெனிக் கப்பல். மதராஸிலிருந்து வந்து, திரிகோணமலையில் தங்கி, 1782 ஜூன் 13இல் அங்கிருந்து இங்கிலாந்துக்குக் கிளம்பியது. ஆகஸ்ட் 4ஆம் தேதி விடியும் முன் டர்பனுக்குத் தெற்கே பாண்டோலாந்துக் கரையில் மோதியது. கரையில் நெருப்பு தெரிகிறது என்று காவலில் இருந்த மாலுமிகள் நினைத்தார்கள். தலைவர் ஜான் காக்ஸனின் கணக்குப்படி நிலம் வெகு தூரத்தில் இருந்தது. அந்தக் காலத்தில் வடக்குத் தெற்கை, அதாவது அட்சரேகையை, சூரியனை வைத்து நன்றாகவே அளந்துவிடுவார்கள். கிழக்கு மேற்கை, தீர்க்கரேகையை, அளக்க நேரம் பிசகாத கடிகாரம் வேண்டும். அது பெரும்பாலான கப்பல்களில் கிடையாது. போன வேகத்தையும் திசையையும் கூட்டிக் கழித்து உத்தேசமாகச் சொல்வார்கள். கண்ணுக்குத் தெரியாத கடல் நீரோட்டம் கப்பலைப் பக்கவாட்டில் தள்ளினால் அந்தக் கணக்கில் அது ஏறாது. எத்தனையோ கப்பல்களை முழுங்கிய பிழை இது.

சுமார் 123 பேர் உயிரோடு கரையேறினார்கள். கேப்டவுனை நோக்கி நடந்தவர்களில் அங்கே போய்ச் சேர்ந்து ஊர் திரும்பியவர்கள் 18 பேர். தப்பி வந்த மாலுமிகளை விசாரித்து, கம்பெனியின் கடல்வரைபட வல்லுநர் அலெக்ஸாண்டர் டால்ரிம்பிள் 1783இல் அறிக்கை எழுதினார். வரலாற்றாளர்களுக்கு அது அடிப்படைச் சான்று. அதற்குப் பிறகு நூறு வருஷத்துக்கு மேல் புதையல் வெறி. மொகலாயர்களின் மயில் சிம்மாசனம் அந்தக் கப்பலில் இருந்தது என்று யாரோ கிளப்பிவிட, இருபதாம் நூற்றாண்டுத் தொடக்கத்தில் கம்பெனி சேர்த்துப் பங்கு விற்று, பாறைக்கு அடியில் சுரங்கம்கூடத் தோண்டினார்கள். கொஞ்சம் நாணயங்கள் கிடைத்தன. சிம்மாசனத்தின் கால்கூடக் கிடைக்கவில்லை.

எனக்கு உறுத்துவது வேறு. அந்தக் கப்பலில் லஸ்கர்கள் என்று அழைக்கப்பட்ட ஆசிய மாலுமிகள் இருந்தார்கள். வெள்ளைக்காரக் குழந்தைகளைப் பார்த்துக்கொள்ள ஆயாக்கள் இருந்தார்கள். கேப்டவுனிலிருந்து டச்சுக்காரர்கள் அனுப்பிய மீட்புக் குழு அவர்களில் சிலரை மீட்டுக்கொண்டும் வந்தது. ஆனால் காகிதங்களில் அதிகாரிகளும் பயணிகளும் பெயரோடு இருக்க, இவர்கள் பெரும்பாலும் "ஒரு லஸ்கர்", "ஒரு கறுப்புப் பெண்" என்றே வருகிறார்கள். எங்கள் குடும்பங்களில் பாட்டியை ஆயா என்றுதான் கூப்பிடுகிறோம். அந்தச் சொல்லை அந்தப் பட்டியலில் பார்க்கும்போது கொஞ்சம் நின்றுதான் அடுத்த வரிக்குப் போக முடிகிறது. மதராஸில் ஏறிய ஆயாவின் தாய்மொழி என்னவாக இருந்திருக்கும்? யாரும் எழுதி வைக்கவில்லை, நான் ஊகிக்கப் போவதும் இல்லை.

காகிதம் இல்லாத இடத்தில் வரலாற்றாளர் வாய்மொழியைக் கேட்பார். பாண்டோலாந்துக் கரையில், கப்பல் உடைந்து ஒதுங்கியவர்களிடமிருந்து வந்தவர்கள் நாங்கள் என்று சொல்லும் குலங்கள் இன்றும் இருக்கின்றன. அபேலுங்கு என்பது அதில் ஒன்று, வெள்ளையர் என்றே பொருள். வாய்மொழியை அப்படியே நம்பிவிடவும் கூடாது, எழுத்தில் இல்லை என்று தள்ளிவிடவும் கூடாது. 1917 பிப்ரவரி 21இல் இங்கிலாந்துக்கு அருகே டாரோ என்ற கப்பல் மோதி மெண்டி என்ற கப்பல் மூழ்கியபோது, பிரான்ஸில் போர்முனை வேலைக்குப் போய்க்கொண்டிருந்த கறுப்பினத் தென்னாப்பிரிக்கர் அறுநூறு பேருக்கு மேல் இறந்தார்கள். டாரோ நின்று காப்பாற்றவில்லை. சாய்ந்துகொண்டிருந்த தளத்தில் ஐசக் வாச்சோப் டியோபா என்ற போதகர் எல்லோரையும் அழைத்து, ஆண்மையோடு சாவோம் என்று பேச, வெறுங்காலால் தளத்தை அதிரவைத்து ஆடியபடி அவர்கள் மடிந்தார்கள் என்பது தலைமுறை தலைமுறையாக வரும் செய்தி. விசாரணைப் பதிவில் அது இல்லை. நல்ல வரலாற்றாளர் இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைப்பார்: கேள்வி கேட்ட அதிகாரி எதைக் கேட்டார், எதைக் கேட்கவில்லை என்பதையும் சேர்த்து.

தமிழ் தெரிந்தவருக்கு இந்தத் தொழிலில் இடம் இருக்கிறதா என்று பையன் கேட்டான். இல்லாமல் என்ன? 1860 நவம்பர் 16இல் ட்ரூரோ கப்பல் மதராஸிலிருந்து 342 பேரோடு டர்பனுக்கு வந்தது முதல், 1911 வரை 152,184 பேர் டர்பன் இருக்கும் நேட்டால் பகுதிக்கு ஒப்பந்தக் கூலிகளாக வந்தார்கள். மூன்றில் இரண்டு பங்கு மதராஸ் வழியாக. அத்தனை பேருக்கும் கப்பல் வாரியாகப் பட்டியல் இருக்கிறது. எண், பெயர், தகப்பன் பெயர், வயது, சாதி, ஜில்லா, தாலுகா, ஊர், உடம்பில் உள்ள அடையாளம். என் கொள்ளுத்தாத்தாவின் வரியை டர்பன் ஆவணக் காப்பகத்தில் தேடிப் பிடித்தபோது, ஊர்ப்பெயர் என்று எழுதியிருந்ததை என்னால் அடையாளம் காணவே முடியவில்லை. எழுத்தர் தன் காதில் விழுந்ததை ஆங்கிலத்தில் எழுதியிருக்கிறார். பென்சிலை வைத்துவிட்டு அதை வாய்விட்டு நாலு விதமாகப் படித்தேன். ழகரத்தை எங்கே ளகரமாகவும் எங்கே யகரமாகவும் கேட்டிருப்பார் என்று மாற்றி மாற்றிப் பார்த்தேன். மூன்றாவது முறையில் வட ஆர்க்காட்டு ஊர் ஒன்று வாயில் வந்து விழுந்தது. பக்கத்து மேசையில் இருந்தவர் என்னைப் பைத்தியக்காரன் என்று நினைத்திருப்பார். ஆங்கிலம் மட்டும் தெரிந்த ஆராய்ச்சியாளருக்கு அந்த வரி கடைசி வரை ஒரு கிறுக்கல்தான்.

ஆவணப்பட வேலைக்கு வருகிறேன். படக்குழு வரலாற்றாளரை மூன்று கட்டங்களில் கூப்பிடும். முதலில், எந்தக் கப்பலைத் தேடுவது, எந்தச் சதுரத்தில் தேடுவது என்று சொல்ல. பிறகு, கேமரா முன் உட்கார்ந்து கதை சொல்ல. கடைசியில், வெட்டி ஒட்டிய படத்தைப் பார்த்துத் தப்பு இருந்தால் சொல்ல. மூன்றாவது கட்டத்தில்தான் சண்டை வரும். வரலாற்றாளர் பேசும் மொழி "பெரும்பாலும்", "கிடைத்த சான்றுகளின்படி", "இன்னொரு வாய்ப்பும் உண்டு" என்று போகும். ஒரு மணி நேரம் பேசினால் படத்தில் ஒன்றிரண்டு நிமிடம் வரும், அதில் முதலில் கத்தரிக்கப்படுவது அந்தப் "பெரும்பாலும்". மீதி இருப்பதைக் கேட்டால் மனிதர் சத்தியம் செய்வது போல இருக்கும். அடுத்த முறை இப்படிப்பட்ட படம் பார்க்கும்போது, பேசுகிறவர் ஒரு வாக்கியத்தின் நடுவில் இருக்கும்போது காட்சி கடலுக்குத் தாவுகிறதா என்று பாருங்கள். அங்கே ஒரு "ஆனால்" செத்திருக்கும். நடிகர்களை வைத்து எடுத்த காட்சியில் தலைவன் சுக்கானைப் பிடித்துக்கொண்டு கத்துகிற வசனமும் அநேகமாக எந்தக் காகிதத்திலும் இருக்காது.

படத்தில் வராத காரணங்களும் உண்டு. ராபர்ட் பாலார்ட் 1985இல் டைட்டானிக்கைக் கண்டதை எல்லோரும் பார்த்திருப்போம். அந்தப் பயணத்துக்குப் பணம் கொடுத்த அமெரிக்கக் கடற்படைக்கு, மூழ்கிக் கிடந்த தன் இரண்டு அணுசக்தி நீர்மூழ்கிகளை ரகசியமாக ஆராய்வதுதான் நோக்கம். அந்த வேலையில்தான் மூழ்கும் கப்பல் பொருட்களைச் சிந்திக்கொண்டே போகும், நீரோட்டம் அவற்றை நீளமாக இழுத்துவிடும் என்று பாலார்டுக்குப் புரிந்தது. கப்பலை விட்டுவிட்டுச் சிதறிய பொருட்களின் தடத்தைத் தேடினார், டைட்டானிக் அகப்பட்டது. யார் பணம் கொடுக்கிறார்கள் என்பதும் கப்பல் வரலாற்றில் ஒரு சான்றுதான்.

படிப்பு பற்றி நீட்டுவதற்கு ஒன்றுமில்லை. வரலாற்றில் பட்டம், அதன்மேல் ஆய்வு. நம் நாட்டில் சல்தான்யாவில் உள்ள இராணுவக் கல்லூரி ஸ்டெல்லன்போஷ் பல்கலைக்கழகத்தோடு இணைந்தது, போர் வரலாற்றுக்கு அது ஒரு வழி. சைமன்ஸ் டவுனில் கடற்படை அருங்காட்சியகம், கேப்டவுனில் இஸிக்கோ, டர்பனில் போர்ட் நேட்டால் கடல்சார் அருங்காட்சியகம் என்று பழகிக்கொள்ள இடங்கள் இருக்கின்றன. ஆங்கிலத்தோடு டச்சு அல்லது போர்த்துகீசியம் தெரிந்தால் கேப் கடலின் பாதி வரலாறு திறந்துகொள்ளும். படத்தில் முகம் காட்டிச் சம்பாதிப்பவர்கள் மிகச் சிலர். மற்றவர்களுக்குச் சம்பளம் பல்கலைக்கழகத்திலிருந்தோ அருங்காட்சியகத்திலிருந்தோ வரும், படம் நடுவில் வந்துபோகும் விருந்து. சட்டமும் கொஞ்சம் தெரிய வேண்டும். 1999ஆம் ஆண்டின் தேசியப் பாரம்பரிய வளச் சட்டப்படி, அறுபது வருஷத்துக்கு மேற்பட்ட மூழ்கிய கப்பலும் அதன் பொருட்களும் பாதுகாக்கப்பட்டவை, அனுமதியில்லாமல் எடுக்கக் கூடாது. மாமாவின் ஆணி வலையில் தானாக வந்து ஏறியது என்றாலும் முறைப்படி அதிகாரிகளிடம் சொல்லியிருக்க வேண்டும். இதை அவரிடம் சொன்னால் அந்த வீட்டில் எனக்குச் சோறு கிடைக்காது.

இவ்வளவும் கேட்டுவிட்டுப் பையன் பூசையறைக்குள் போனான். ஆணியை எடுத்து வந்து ஜன்னல் வெளிச்சத்தில் வைத்து, பக்கத்தில் செம்புச் சொம்பையும் வைத்தான். புளி போட்டுத் துலக்கிய சொம்பு சிவந்து மின்னியது. ஆணி அப்படி மின்னவில்லை. போய்க் குத்துவிளக்கை எடுத்து வந்தான். விளக்கும் ஆணியும் ஒரே மஞ்சள்.

"தாத்தா, இது செம்பு இல்லை. முண்ட்ஸ் உலோகம் போல இருக்கிறது. அப்படியென்றால் 1832க்குப் பிந்தியது. க்ரோஸ்வெனர் உடைந்தது 1782இல்."

"பெரும்பாலும்" என்று சேர்த்துச் சொல்லச் சொன்னேன். மஞ்சள் நிறக் கலவைகள் அதற்கு முன்பும் இருந்தன, ஆய்வகத்தில் கலவையின் விகிதத்தைப் பார்க்காமல் முடிவு கட்ட முடியாது. மாமா எதுவும் பேசாமல் ஆணியை வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்தார். நாற்பது வருஷக் கதை கையில் இருந்தது.

அடுக்களையிலிருந்து மாமி எட்டிப் பார்த்தார்.

"அது பித்தளை என்று அன்றைக்கே எனக்குத் தெரியும்" என்றார். "செம்புக்குப் புளி போட்டால் வேறு மாதிரி வரும்."

"பிறகு ஏன் ஆயா சொல்லவில்லை?"

"என்னை யார் கேட்டார்கள்?"